நீ எழுதாமல் விட்ட ஒரு கப் காப்பி

அன்புள்ள மகளுக்கு,

அன்புள்ள என்று எழுதிப் பழகிய கை எழுதிவிட்டது, இருக்கட்டும். இங்கே நான், உன் அப்பா, உன் தம்பி, அவன் பெண்டாட்டி நான்கு பேரும் உயிரோடு இருக்கிறோம், நீயும் நன்றாகத்தான் இருப்பாய், இப்படி ஒரு காரியத்தைச் செய்துவிட்டு நிம்மதியாகத் தூங்குகிறவளுக்கு என்ன குறை வந்துவிடப் போகிறது. இதைப் போனிலேயே கேட்டிருப்பேன், ஆனால் நான் குரலை உயர்த்தியதும் உனக்குச் சிக்னல் போய்விடும், கேக்கலம்மா அப்புறம் பேசறேன் என்று வைத்துவிடுவாய். கடிதத்தை அப்படி வைக்க முடியாது, முழுக்கப் படி.

போன வெள்ளிக்கிழமை அப்பா அச்சகத்திலிருந்து ஓய்வு பெற்றார். முப்பத்தோரு வருடம் ஒரே மெஷினுக்கு முன்னால் நின்ற மனிதருக்கு வழியனுப்பு விழா, எங்களையும் கூப்பிட்டிருந்தார்கள். அவருக்கும் தெரியாமல் எனக்கும் தெரியாமல் உன் தம்பி பெண்டாட்டி காலையிலேயே எழுந்து சாக்லேட் கேக் செய்திருக்கிறாள். நம் வீட்டுக் கேக்தான், உங்கள் ஒவ்வொரு பிறந்தநாளுக்கும் நான் செய்தது, தொட்டால் ஈரம் விரலில் ஒட்டுமே அது. மாமனாருக்கு அதுதான் உயிர் என்று உன் தம்பி சொல்லியிருக்கிறான். என்னிடம் கேட்டால் குட்டு உடைந்துவிடும் என்று உன்னிடம் கேட்டாளாம், நீயும் பாசம் பொங்கப் பொங்க முத்து முத்தான கையெழுத்தில் ஒரு தாளில் எழுதிப் படம் எடுத்து அனுப்பினாயாம்.

அங்கே முதலாளி மேஜையைத் துடைத்து, காகிதம் விரித்து, இருபது பேர் சுற்றி நிற்க அப்பா கத்தியை வைத்தார். கத்தி பாதியில் நின்றது. அழுத்தினார், கேக் தட்டோடு நகர்ந்தது. பைண்டிங்காரர் சும்மா இருப்பாரா, இத மெஷினுக்கு அடியில முட்டுக் குடுக்கலாம் போல இருக்கே என்றார், எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். மேலே க்ரீம் மட்டும் அருமை, வெண்ணெயும் கோகோவும் பொடித்த சர்க்கரையும் கை வலிக்க அடித்து, கேக் நன்றாக ஆறும்வரை காத்திருந்து பூசியிருக்கிறாள், ஒரு இடத்தில்கூட வழியவில்லை. எல்லோரும் க்ரீமை மட்டும் வழித்துத் தின்றுவிட்டு மீதியைத் தட்டிலேயே வைத்தார்கள். உன் அப்பா தன் துண்டை டீயில் தோய்த்துத் தோய்த்து முழுசாகத் தின்றார், இன்னொன்றும் கேட்டு வாங்கினார், அவருக்கு இருக்கிற சர்க்கரைக்கு அது விஷம். அந்தப் பெண் சுவரோரம் நின்று சிரித்துக்கொண்டே இருந்தாள், அந்தச் சிரிப்பைப் பார்த்திருந்தால் உனக்குச் சோறு இறங்கியிருக்காது.

வீட்டுக்கு வந்ததும் சமையலறையில் ஒரே அழுகை. எதையும் விடாமதானே செஞ்சேன் என்று போனை நீட்டினாள். வாங்கிப் படித்தேன். மைதா, சர்க்கரை, கோகோ, சோடா உப்பு, முட்டை, பால், எண்ணெய், எல்லாம் அளவு பிசகாமல் இருக்கிறது. கடைசியாகக் கொதிக்கக் கொதிக்க ஊற்றும் கறுப்புக் காப்பியை மட்டும் காணோம். பாவம், மறந்திருப்பாள் என்று ஒரு நிமிடம் உனக்காக நானே வக்காலத்து வாங்கினேன். அதற்குக் கீழே இருந்த வரியையும் படித்தேன். மாவு கெட்டியாத்தான் இருக்கும், பயந்து எதையும் ஊத்திடாத என்று எழுதியிருக்கிறாய். அடிப்பாவி! காப்பி ஊற்றினால் மாவு தண்ணீராகத்தான் ஓடும் என்று உனக்குத் தெரியாதா, எத்தனை தடவை என் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறாய். அப்பா இரண்டு மாதமாகப் போனில் மருமகள் புராணம் பாடுகிறார் என்று நீ முறுக்கிக்கொண்டிருந்தது எனக்குத் தெரியும். கோபம் அப்பாமேல் என்றால் அப்பாவிடம் சண்டை போட வேண்டியதுதானே, உன்னை அக்கா அக்கா என்று கூப்பிடுகிறவள் உனக்கு என்ன செய்தாள்?

நான் அவளிடம் உண்மையைச் சொல்லவில்லை. ஓவன் சரியில்லை என்று வாய் கூசாமல் புளுகினேன். உன் தம்பி அதை நம்பி ஓவனைக் கழற்றிக் கூடம் முழுக்கப் பரப்பி வைத்திருக்கிறான், இரண்டு திருகாணியைக் காணோம் என்று வீட்டையே புரட்டுகிறான். அவள் நம்பவில்லை. எனக்குக் கைராசி இல்ல என்கிறாள். இதற்கு நடுவில் உன் தம்பி அவளைச் செல்லமாகச் செங்கல் என்று கூப்பிட ஆரம்பித்திருக்கிறான். செங்கல் என்றால் இந்த வீட்டில் யார் என்று உனக்குத் தெரியும்.

உன் அத்தை எதற்கெடுத்தாலும் என் சமையலில் நொட்டை சொல்வாள், உன் அப்பாவும் தங்கச்சி சொன்னால் சரி என்று தலையாட்டுவார். அவள் தன் மகன் பிறந்தநாளுக்கு இந்தக் கேக்கை எழுதித் தரச் சொன்னபோது நான் இந்தக் கையால்தான் எழுதினேன், காப்பியை விட்டுவிட்டு. உனக்கு ஒன்பது வயது. சமையல் மேடைமேல் உட்கார்ந்து எட்டிப் பார்த்துவிட்டு, காப்பி எழுதலையேம்மா என்றாய். நான் சிரித்துக்கொண்டே ஒரு கரண்டி க்ரீமை எடுத்து உன் வாயில் ஊட்டினேன். நீயும் சிரித்தாய். அந்தக் கேக்கைக் கடித்துப் பார்த்த விருந்தாளிகள் வைத்த பெயர்தான், இருபத்தாறு வருடமாக அவள் உங்களுக்கெல்லாம் செங்கல் அத்தை. அதன்பிறகு அவள் வீட்டில் கேக் செய்ததே இல்லை. உன்னைத் திட்டுகிற வாயால் என்னையும் சேர்த்துத்தான் திட்டிக்கொள்கிறேன், அதனால் உனக்கு ஒரு சொல்கூடக் குறையாது.

வருகிற மாதம் முதல் ஞாயிற்றுக்கிழமை அவளைப் பெற்றவர்கள் இங்கே வருகிறார்கள். கடைசியா ஒரு தடவை செஞ்சு பாக்கறேன், வரலன்னா இனிமே தொடமாட்டேன் என்றிருக்கிறாள், அதுவும் உன் தாளையே வைத்துக்கொண்டு. அதற்குள் நீ கூப்பிட வேண்டும். மறந்துட்டேன் என்று மழுப்பக் கூடாது, வேண்டுமென்றேதான் விட்டேன் என்று சொல்ல வேண்டும். அவள் திட்டினால் வாங்கிக்கொள். அதற்கு முந்தின சனிக்கிழமை சாயங்காலம்வரை பார்ப்பேன், நீ வாயைத் திறக்கவில்லை என்றால் நானே அவளிடம் எல்லாவற்றையும் சொல்லிவிடுவேன், அப்புறம் இந்த வீட்டில் எந்த முகத்தோடு வந்து நிற்பாய் என்று யோசித்துக்கொள்.

நான் மட்டும் யோக்கியம்போல உட்கார்ந்திருக்கப் போவதில்லை. இதைத் தபாலில் போட்டுவிட்டு நேரே உன் அத்தை வீட்டுக்குப் போகிறேன். உன் கையில் கோளாறு இல்லை, என் மனசில்தான் கோளாறு என்று சொல்லப் போகிறேன். கதவைச் சாத்தினால் வாசலில் நின்றாவது சொல்லிவிட்டு வருவேன். உன் அப்பாவிடம்கூட இன்னும் சொல்லவில்லை.

உன் இருமலுக்கு டாக்டரைப் பார், வெறும் தண்ணீரைக் குடித்துக்கொண்டு நாளைக் கடத்தாதே. நீ நன்றாக இரு, உன் மேல் எத்தனை ஆத்திரம் இருந்தாலும் என் வாயில் வேறு வார்த்தை வராது. மறக்காமல் அவளிடம் சொல்: கறுப்புக் காப்பி, ஒரு கப், கொதிக்கக் கொதிக்க, கடைசியில்.

இப்படிக்கு,
அன்றைக்கு உனக்கு அந்தக் கரண்டியை ஊட்டிய
அம்மா