ஈரத்துணி

ஏங்க,

சூப்பை ஃப்ளாஸ்க்ல ஊத்தி வெச்சிருக்கேன். இந்தச் சீட்டைக் கதவுல சொருகிட்டு, கைக்கு மருந்து போட ஆஸ்பத்திரிக்குப் போறேன். சாவி எதிர்வீட்டு டீச்சர்கிட்ட இருக்கு. சாயங்காலம் உங்க அக்கா வர்றாங்களாம். என் கையைப் பத்திக் கேட்டா நீங்களே பதில் சொல்லிக்குங்க.

எழுத்து கோணலா இருக்கும், இடது கையால எழுதுறேன். வலது கை மரத்துக் கெடக்கு. மனசும் அப்படித்தான், கோபம்கூட வரல. நேத்து ஈரத்துணியால சட்டியைப் பிடிச்சுட்டு நான் கத்தினப்ப, பாய்லர் ஃபிட்டர் ஐயா என்ன சொன்னீங்க? "ஈரம் சூட்டைச் சட்டுனு கடத்திடும். காய்ஞ்ச துணின்னா உள்ள இருக்கிற காத்து தடுத்திருக்கும்." வெந்த புண்ணுல வேல் பாய்ச்சுறதுன்னா இதான். வலிக்குதான்னு ஒரு வார்த்தை கேக்கல.

ஃப்ளாஸ்க்ல ரெண்டு சுவருக்கு நடுவுல ஒண்ணுமே இல்ல, அதான் சூடு தாண்டாதுன்னு சொல்லுவீங்களே. நேத்துலேருந்து நமக்கு நடுவுலயும் ஒண்ணுமே இல்ல. பேச்சுகூட.

பி.கு: அடுப்பை அணைச்சேனான்னு பாக்கத் திரும்பப் போனேன். அடுப்புப் பக்கத்து ஆணியில ஈரத்துணியைக் காணோம். நீங்க வேலைக்குப் போட்டுட்டுப் போற, சூடு தாங்குற க்ளவுஸ் தொங்குது, ரெண்டுமே. அப்போ இன்னிக்கு அங்க எதைப் போட்டுக்கிட்டு வேலை செய்யுறீங்க?

நான் வந்ததும் முதல்ல உங்க கையைக் காட்டுங்க.