கருப்பையன் கண்ணை உறைய வைக்கும் முன்

அனுப்புநர்:
ச. பஞ்சநாதன்,
பள்ளி ஆய்வக உதவியாளர் (ஓய்வு),
தலத்தெரு, காரைக்கால்.

பெறுநர்:
துணை இயக்குநர் அவர்கள்,
நலவழித்துறை, காரைக்கால்.

பொருள்: கண் நீர் அழுத்த நோய்க்கான உறைய வைக்கும் சிகிச்சை – அதன் ஆபத்துகளை நோயாளிக்குத் தமிழில் விளக்கக் கோருதல் – வரிச்சிக்குடி திரு. கருப்பையன் அவர்களுக்கு வரும் புதன்கிழமைக்குள் விளக்க வேண்டுதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

1. இம்மனுவில் குற்றம் சாட்டப்படுவோர் இருவர். ஒன்று, எனக்குச் சிகிச்சை அளித்த தனியார் கண் மருத்துவமனை. பெயரைத் தனித்தாளில் இணைத்துள்ளேன். மற்றவர் மனுதாரராகிய நான். என் மீதான குற்றமே பெரியது.

2. ஆறு ஆண்டுகளுக்கு முன் என் இரு கண்களிலும் நீர் அழுத்தம் இருப்பதாகக் கூறி, தினமும் இருவேளை சொட்டு மருந்து விடச் சொன்னார்கள். நான்கு மாதம் விட்டேன். மருந்து எரிந்தது, பார்வையோ நன்றாக இருந்தது; எனவே மருந்து தேவையில்லை என்று நானே முடிவு செய்தேன். இருபத்தெட்டு ஆண்டுகள் ஆய்வகத்தில் குடுவை கழுவியதால் எனக்கும் விஞ்ஞானம் தெரியும் என்ற நினைப்பு. மருந்துப் புட்டியோடு பின்னாலேயே வந்த என் மனைவி சந்திராவிடம், "ஒனக்கு என்ன தெரியும்?" என்று கேட்டிருக்கிறேன். அவருக்குத் தெரிந்துதான் இருந்தது.

3. இவ்வாண்டு இடது கண்ணில் கையசைப்பு மட்டும் தெரியும் நிலை வந்தது. கூடவே தாங்க முடியாத வலி. மருந்துக்கும் அறுவைக்கும் அழுத்தம் இறங்காததால், கண்ணின் வெள்ளைப் பகுதியில் கடுங்குளிர்க் கருவியை வைத்து, உள்ளே நீர் சுரக்கும் திசுவை உறைய வைத்து அழிப்பது என்று தீர்மானித்தார்கள். இந்த விவரமெல்லாம் எனக்குப் பிறகுதான் தெரியும். அன்று ஆங்கிலத்தில் நான்கு பக்கப் படிவம் ஒன்றை நீட்டினார்கள். புரியவில்லை என்று சொல்ல வெட்கம். கண்ணாடியை ஏற்றி இறக்கி, பக்கம் புரட்டி, இடையிடையே தலையாட்டி, கையொப்பமிட்டேன். "சார் படிச்சவங்க" என்று செவிலியர் பாராட்டினார். நான் மறுக்கவில்லை.

4. அன்று மருத்துவமனை பெஞ்சில் என் பக்கத்தில் காத்திருந்தவர் வரிச்சிக்குடி விவசாயக் கூலி கருப்பையன். அவருக்கு ஒரு கண் முழுதும் போய்விட்டது. மறு கண்ணில் மங்கலான பார்வையும் ஓயாத வலியும். அவருக்கும் இதே சிகிச்சையைச் சொல்லியிருந்தார்கள். "ஐஸ் வச்சா பார்வை திரும்புமாங்க?" என்று கேட்டார். தெரியாது என்று சொல்லியிருக்கலாம். "பளிச்சுன்னு தெரியும், பயப்படாதீங்க. நான் சயன்ஸ் லேப்ல இருந்தவன்" என்றேன்.

5. சிகிச்சைக்குப் பின் மூன்று நாள் சுவரில் முட்டிக்கொள்ளலாம் போன்ற வலி. பிறகு வலி அடங்கியது, இதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் மிச்சமிருந்த கையசைப்பும் மறைந்தது. கண் சுருங்கத் தொடங்கியிருக்கிறது. மருத்துவரிடம் முறையிட்டபோது, "ஃபார்ம்லயே இருக்கே சார், நீங்க படிச்சுதான போட்டீங்க?" என்றார். என் மகள் கீர்த்திகா படித்துக் காட்டினாள். இரண்டாம் பக்கத்தில் எல்லாம் இருக்கிறது: கடும் வலி, அழற்சி, மீதிப் பார்வை போகலாம், கண் சுருங்கலாம், மறுபடியும் செய்ய நேரலாம். வலது கண்ணுக்கு இப்போது வேளை தவறாமல் மருந்து விடுகிறேன்.

6. அன்று சிகிச்சைக்குப் பயந்து வீடு திரும்பிவிட்ட கருப்பையன், என் பேச்சில் தைரியம் கொண்டு இப்போது சம்மதித்துவிட்டார். வரும் புதன்கிழமை நாள் குறித்திருக்கிறார்கள். சென்ற வாரம் மருத்துவமனையில் அவரே மகிழ்ச்சியுடன் இதைச் சொன்னார். மறுநாளே பஸ் ஏறி வரிச்சிக்குடி போய், நான் சொன்னது தவறு என்றேன். "நீங்கதான சார் பளிச்சுன்னு தெரியும்னீங்க? தையில பொண்ணு கல்யாணம். அதுக்குள்ள பார்வ தெளியட்டும்னுதான் ஒத்துக்கிட்டேன்" என்றார். என் கண்ணைக் காட்டினேன். "ஒங்களுக்கு ராசி இல்ல சார், வெசனப்படாதீங்க" என்று எனக்கு ஆறுதல் சொல்லி, டீ வாங்கிக் கொடுத்து, பஸ் ஏற்றிவிட்டார். பொய் சொன்னபோது நம்பியவர், உண்மை சொன்னபோது என்னை ராசியில்லாதவன் என்று நினைத்துவிட்டார்.

7. எனவே ஐயா அவர்கள், புதன்கிழமைக்குள் ஒரு மருத்துவர் கருப்பையனை உட்கார வைத்து, இச்சிகிச்சை வலியைத்தான் குறைக்கும், பார்வையைத் திருப்பித் தராது, இருப்பதும் போகலாம் என்பதைத் தமிழில் சொல்ல ஆணையிட வேண்டுகிறேன். இனி இத்தகைய படிவங்கள் தமிழில் இருக்கவும், வாசித்துக் காட்டப்படவும் ஆவன செய்யுங்கள். "புரிஞ்சுதா?" என்று கேட்டு, தலையாட்டினால் நம்ப வேண்டாம், என்ன புரிந்தது என்று திருப்பிச் சொல்லச் சொல்லுங்கள்.

8. சிகிச்சையைத் தடுக்கச் சொல்லவில்லை. அந்த வலி எனக்குத் தெரியும். எல்லாம் அறிந்த பிறகும் அவர் சம்மதிக்கலாம். கல்யாணத்துக்கு முன்பா, பின்பா என்பதை அவர் தீர்மானிக்கட்டும். மகள் பக்கத்தில் வந்து நின்றால் புடவை என்ன நிறம் என்று இப்போதும் தெரிகிறதாம். பஸ் வரும்வரை அதைத்தான் என்னிடம் பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தார்.

தங்கள் விரைவான நடவடிக்கையை வேண்டி நிற்கும்,

(ஒப்பம்)
ச. பஞ்சநாதன்

இடம்: காரைக்கால்
நாள்: 14.11.2024

இணைப்பு: (1) மருத்துவமனையின் பெயர், தனித்தாள். (2) நான் படிக்காமல் ஒப்பமிட்ட படிவத்தின் நகல், நான்கு பக்கங்கள்.