என் வாய் செபிக்கவில்லை

ஜூலை 6, ஞாயிறு

கச்சான் காற்று. வீடெல்லாம் மண். இரண்டு தடவை பெருக்கியும் குசினித் தரை நறநற.

முதல் பூசை. கடைசி வரிசை, தூணுக்குப் பின்னால். பிரசங்கம் தொடங்கியதும் என் வாயும் தொடங்கிவிட்டது. உதடு குவிகிறது, விரிகிறது. தாடை மெல்லுகிறது. நாக்கு எட்டிப் பார்க்கிறது. வாய்க்குள் ஒன்றும் கிடையாது. இரண்டு வருஷமாக இப்படித்தான்.

வெளியே வந்தால் கிறிஸ்டினா நிற்கிறாள். எங்களுக்கு மூன்றாம் வீடு. புருஷன் கப்பலில் வேலை. சட்டென்று என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அக்கா, எந்நேரமும் செபமாலை சொல்லிக்கிட்டே இருக்கிய, நானும் பாத்துக்கிட்டுத்தான் இருக்கேன். அவுக கப்பல் செங்கடல் பக்கம் போச்சு. நாலு நாளா போன் இல்ல. அவுகளுக்காவ ஒரு கருத்து வச்சு செபிங்கக்கா."

தலையாட்டிவிட்டேன். ஏன் ஆட்டினேன்? தெரியும். பதினோரு வருஷத்தில் ஒருத்தி தானாக வந்து என் கையைப் பிடித்தது இன்றுதான்.

பதினோரு வருஷத்துக்கு முன் இதே கோயிலில், பூசை நடுவே பீடத்தில் ஏறிக் கத்தினவள் நான். காதில் குரல்கள். ஏறச் சொல்லின, ஏறினேன். ஊசி போட்டார்கள். அப்புறம் தினமும் மாத்திரை. புருஷன் என்னை அண்ணன் வீட்டு வாசலில் இறக்கிவிட்டுப் போனான், போனவன்தான். அன்று முதல் இந்தத் தெருவில் எனக்குப் பெயர் 'அந்தப் பைத்தியம்'. இப்போது மாத்திரை வாயைக் கெடுத்ததும் புனிதவதி ஆகிவிட்டேன். நல்ல கூத்து.

ஜூலை 8, செவ்வாய்

இறால் கம்பெனி, காலை ஷிப்ட். மாஸ்க் போட்டுக்கொண்டு தோல் உரிக்கிற வேலை. அதனால் அங்கே ஒருத்திக்கும் என் வாய் தெரியாது. மாஸ்க்தான் நனைந்து போகும். இன்று மூன்று.

சாயங்காலம் வீட்டுக்கு வந்து, செபிக்கச் சொல்லிக் கருத்து வைத்துவிட்டுப் போனவர்கள்:
ஏலக்காரர் வீட்டம்மா. மூட்டுவலி.
அன்பியத் தலைவி. மகளுக்குக் குழந்தை வேண்டும்.

இந்தத் தலைவிதான், தெருவில் நடக்கிற அன்பியச் செபக் கூட்டத்துக்கு என்னை அனுப்பவேண்டாம் என்று அண்ணன் பெண்டாட்டியான மைனியிடம் சொன்னவள். இன்று நாற்காலியில் உட்காராமல் நின்றே பேசினாள். மரியாதையாம்.

மைனிக்கு வாயெல்லாம் பல். "ஏளா, நம்ம வீட்டுக்கும் ஒரு மதிப்பு வந்துட்டு. மாத்திரை கீத்திரைன்னு நீ ஒண்ணும் வாயத் தொறந்துராத."

திறக்கக் கூடாதாம். இது மூடினால்தானே, மைனி!

ஜூலை 9, புதன்

லீவு. திருநெல்வேலி பஸ். பாதி வழி வரை நின்றுகொண்டே. எதிர் சீட்டுக் குழந்தை என்னைப் பார்த்து அதே மாதிரி வாயை அசைத்தது. தாய்க்காரி அதை ஒரு அடி அடித்தாள். குழந்தை என்ன செய்யும் பாவம்.

புது டாக்டர், சின்னப் பெண். வாயைத் திறக்கச் சொன்னாள், நாக்கை நீட்டச் சொன்னாள், கட்டைவிரலால் மற்ற விரல்களைத் தொடச் சொன்னாள், நடக்கச் சொன்னாள். பழைய டாக்டர் பதினோரு வருஷத்தில் ஒருநாளும் இதைச் செய்ததில்லை. வாயைப் பற்றிக் கேட்டபோதெல்லாம் "டென்ஷன்மா, கவனிக்காதீங்க." அவ்வளவுதான். அடுத்த டோக்கன்.

"டார்டிவ் டிஸ்கைனீசியா" என்றாள். எழுதி வாங்கிக்கொண்டேன். "மாத்திரையோட பக்கவிளைவு. ரொம்ப வருஷம் சாப்பிடுறவங்களுக்கு வரும். இப்படி வரலாம்னு யாரும் சொல்லலையா?"

சொல்லவில்லை. கேட்கிற புத்தி பைத்தியத்துக்கு ஏது என்று நினைத்திருப்பார்கள்.

அவள் சொன்னவை, மறக்காமலிருக்க:
பழைய மாத்திரை (இனி மா.) திடீரென நிறுத்தக் கூடாது. குரல்கள் திரும்பலாம்.
மெல்லக் குறைத்து வேறு மா.
கை விறைப்புக்குத் தந்த மா. வாயை இன்னும் மோசமாக்கும். அதையும் படிப்படியாக நிறுத்த வேண்டும்.
வாய்க்குத் தனியாக ஒரு மா.

"முழுசா நின்னுரும்னு சொல்ல முடியாது. குறையலாம்."

பஸ்ஸில் அழுதேன். அழும்போதும் மென்றுகொண்டுதான் இருந்தது சனியன்.

ஜூலை 11, வெள்ளி

புது மா. இரண்டாம் நாள். தூக்கம் தூக்கமாக வருகிறது. வாயில் மாற்றம் இல்லை.

வேலை விட்டு வந்தால் வாசலில் கிறிஸ்டினா. முகம் வற்றிப்போயிருக்கிறது. ஒன்பது நாளாகப் போன் இல்லை. கம்பெனி ஏஜென்டைக் கேட்டால் "பாக்குறோம்மா" என்கிறானாம். என் முழங்காலைப் பிடித்துக்கொண்டு அழுதபடி கேட்டாள்:

"மாதா உங்ககிட்ட எதும் சொல்லுதாளா அக்கா? குரல் எதும் கேக்குதா?"

இந்தக் கேள்விக்கு ஆமாம் என்று சொல்லித்தான் அன்று ஊசி வாங்கினேன். இன்று ஆமாம் என்றால் காலில் விழுவாள். இல்லை என்றால் அவள் புருஷன் செத்தான் என்று அர்த்தம் பண்ணிக்கொள்வாள். காப்பி போட எழுந்து போனேன். கோழை.

ஜூலை 13, ஞாயிறு

நேற்று ராத்திரி கப்பலில் இருந்து போன் வந்துவிட்டதாம். ஆள் சுகம்.

பூசை முடிந்து கோயில் வாசலில் கிறிஸ்டினா ஓடி வந்தாள். கையில் லட்டு டப்பா. சுற்றிலும் அன்பியப் பெண்கள் எல்லோரும். மைனி பக்கத்தில் மாப்பிள்ளை வீட்டுக்காரி மாதிரி நிமிர்ந்து நிற்கிறாள். தன் பிள்ளையை இழுத்து என் கைக்குக் கீழே தலையைக் கொடுக்கச் சொன்னாள் கிறிஸ்டினா.

"எல்லாம் உங்க செபந்தான். இந்த வாய ஒருநாளும் நிப்பாட்டிராதிய அக்கா."

நிப்பாட்டாதேயாம்! எங்கிருந்தோ வந்தது அந்தக் கோபம்.

"செபமுமில்ல, ஒரு மண்ணுமில்ல," என்றேன். "பைத்தியத்துக்குத் திங்கிற மாத்திரை செய்யிற வேல இது. எனக்கு இத நிப்பாட்டத் தெரியல. தெரிஞ்சா இந்த நிமிசமே நிப்பாட்டிருவேன்."

மைனி என் கையை நகம் பதியக் கிள்ளினாள். தலைவி இரண்டடி பின்னால் போனாள்.

கிறிஸ்டினா மட்டும் நகரவில்லை. மெதுவாகக் கேட்டாள்: "அப்ப, இத்தன நாளும் அவுகளுக்காவ நீங்க ஒண்ணுமே கேக்கலியா?"

கேட்டேன். வெள்ளிக்கிழமை அவள் அழுதுவிட்டுப் போன பிறகு குசினியில் நின்று கேட்டேன். பதினோரு வருஷத்தில் முதல் தடவை. 'அவனை விட்டுவிடு' என்று மட்டும். அதை அப்படியே அவளிடம் சொன்னேன்.

என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். நம்பவில்லை. பிள்ளையை என் கைக்குக் கீழிருந்து இழுத்துக்கொண்டு போய்விட்டாள்.

ஜூலை 14, திங்கள்

காற்று விடவில்லை. மா. காலை பாதி, ராத்திரி ஒன்று. வேலைக்குப் போகும்போது கிறிஸ்டினா எதிரே வந்தாள். என் பக்கம் இருந்த பிள்ளையை அந்தப் பக்கக் கைக்கு மாற்றிப் பிடித்துக்கொண்டாள்.