மோரிஸ் ஜெனரலாக ஊருக்கு வருவது பற்றி

கில்பிரின், கார்க் மாவட்டம், அயர்லாந்து
மாதா பிறந்த திருநாளுக்கு மறுநாள், 1920

ஆசை மகன் மோரிசுக்கு அம்மா எழுதிக்கொள்வது. கடவுள் புண்ணியத்தில் நானும் அப்பாவும் உன் தங்கை கிட்டியும் எழுந்து நடமாடிக்கொண்டிருக்கிறோம், பூனா வெயில் உன்னை வாட்டாமல் மாதா காக்க வேண்டும் என்று தினமும் ஜெபமாலை முடிவில் உனக்கென்று தனியாக ஒரு மன்றாட்டு சொல்கிறோம். இந்தக் கடிதம் தபாலில் வரவில்லை. நம் பங்குச் சாமியாரின் அண்ணன் மகள் பூனா மடத்துக்குக் கன்னியாஸ்திரியாகக் கப்பலேறுகிறாள், அவள் கையில் கொடுத்தனுப்புகிறேன். இங்கே தபாலை இங்கிலீஷ் பட்டாளமும், அதை எதிர்த்துத் துப்பாக்கி தூக்கியிருக்கும் நம் ஊர்ப் பையன்களும் பிரித்துப் படிக்கிறார்கள், மூன்றாவதாகத்தான் நமக்கு வருகிறது. படித்ததும் அடுப்பில் போட்டுவிடு, உன் சமையல்காரனிடம் கொடுத்துப் போடச் சொல்லாதே, நீயே போடு.

நம் மாவட்டத்திலேயே ஒரு பட்டாளப் பிரிகேடை உன் கையில் கொடுத்து உன்னை ஜெனரலாக்குகிறார்கள் என்று நீ எழுதியதை அப்பா மூன்று முறை வாசிக்கச் சொல்லிக் கேட்டார். பதினெட்டு வயதில் பெட்டியோடு போன பிள்ளை, தென்னாப்பிரிக்கா, இந்திய எல்லைப்புறம், பிரான்ஸ் என்று எங்கெல்லாமோ ரத்தம் சிந்தி கர்னல் ஆனாய், அதற்கு மேல் இரண்டு முறை உன்னைத் தாண்டி உனக்குச் சின்னவர்களைத் தூக்கி வைத்தார்கள். கத்தோலிக்கன் என்று வாய்விட்டு யாரும் சொல்லவில்லை, சொல்ல வேண்டிய அவசியமும் இல்லை. வேண்டாம் என்றால் கர்னலாகவே ஓய்வு கொடுத்து வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள், அதனால் அம்மா என்ன சொல்கிறாய் என்று கேட்டிருக்கிறாய். உன் வாழ்நாள் உழைப்பு இது என்று எனக்குத் தெரியாதா? அதனால்தான் மூன்று வாரமாகப் பேனாவை எடுப்பதும் வைப்பதுமாக இருந்தேன்.

உன் அப்பாவுக்கு அந்தப் பொறுமை ஏது. மறுநாளே மாட்டுச் சந்தைக்குப் போய், என் மகன் இந்த மாவட்டத்துக்கே ஜெனரலாக வருகிறான் என்று நாலு பேர் நடுவில் சொல்லிவிட்டார். சந்தையே ஓய்ந்துபோயிற்றாம், அவர் அதை மரியாதை என்று நினைத்துக்கொண்டு வந்தார். இந்த மனிதரை வைத்துக்கொண்டு நான் படும் பாடு உனக்குத் தெரியும்.

இந்த அக்டோபரில் வீட்டுப் பூசை முறை நமக்கு. நீ பார்த்து எத்தனை காலமாயிற்றோ. சாமியார் வந்து அடுப்படியில் எல்லாரும் தங்கள் பாவங்களைச் சொல்லும் பாவசங்கீர்த்தனம் கேட்டு, நம் சமையலறை மேசையிலேயே பூசை வைத்து, பிறகு அக்கம்பக்கமெல்லாம் நம் வீட்டில் சாப்பிட்டுப் போக வேண்டும். அதற்கு முன்னால் வீட்டுக்குச் சுண்ணாம்பு அடிக்க ஊரே கூடும், கூப்பிட வேண்டியதே இல்லை, வாளியும் மட்டையுமாக வந்து நிற்பார்கள். இந்த முறை சுண்ணாம்பு கரைத்து வைத்து, ரொட்டி சுட்டு வைத்து, ஒரு நாள் முழுக்கக் காத்திருந்தேன், ஒருவரும் எட்டிப் பார்க்கவில்லை. கிட்டி அழுதுவிட்டாள். ஆள் வராத வீட்டில் பூசை வைப்பதைவிட ஒரு குடும்பத்துக்கு வேறு அவமானம் இல்லை மோரிஸ், ஜெனரல் வீடானாலும்.

இதற்கு நடுவே பட்டாளத்து லாரி வந்தது. பால்பண்ணையை எரித்தார்கள், பிறகு வீடு வீடாகச் சோதனை போட்டார்கள், பக்கத்து லூசி குடும்பத்தின் வைக்கோல் போரைக் கிளறி மழையில் விட்டுவிட்டுப் போனார்கள். நம் வீட்டுக்கு வந்த இளம் அதிகாரி, கூடத்தில் நீ உடுப்போடு இருக்கும் போட்டோவைப் பார்த்தான், காலைச் சேர்த்து ஒரு சல்யூட் வைத்தான், அப்பாவிடம் மன்னிப்புக் கேட்டுவிட்டுப் போய்விட்டான். அப்பா அவனுக்கு விஸ்கி ஊற்றிக் கொடுத்தார். எனக்குப் பெருமையாகவும் இருந்தது, வாசலில் நின்று பார்த்த ஹானோரா லூசியின் முகத்தைப் பார்க்கக் கூச்சமாகவும் இருந்தது. 

மறுநாள் காலையில் அந்த ஹானோராவே மட்டையோடு வந்தாள். குட்மார்னிங்கூடச் சொல்லவில்லை. மேற்குச் சுவர் முழுவதும் ஒற்றை ஆளாக அடித்து முடித்தாள், நான் கொடுத்த தேநீரைத் தொடவில்லை. பிறகு கையைத் துடைத்துக்கொண்டு, "ஏண்டி எலன், உன் மவன் பெரிய ஆளாவே வரட்டும், எனக்கு ஒரு வயித்தெரிச்சலும் இல்ல. என் புள்ள டெனிஸ் தோள்ல குண்டோட பள்ளத்துல கெடக்கான். இந்த ஊர்லயே அவங்க தேடாத வீடு உன் வீடு ஒண்ணுதான்" என்றாள். அவ்வளவுதான் பேச்சு. அவளும் நானும் சிறுமிகளாக ஒன்றாகக் கோவிலில் புதுநன்மை வாங்கியவர்கள், நீ பிறந்தபோது உன்னை ஏந்தி என் கைக்குள் போட்டவளே அவள்தான். நான் என்ன சொல்லியிருப்பேன் என்று நீயே யோசித்துப் பார்.

ஆக, பட்டாளத்தை எதிர்க்கும் பையன்களோடு சேர்ந்து குண்டடிபட்ட டெனிஸ் உன் அறையில் உன் கட்டிலில் படுத்திருக்கிறான். அப்பாவுக்குத் தெரியாமல் வைத்திருக்கிறோம் என்று நானும் கிட்டியும் நினைத்துக்கொண்டிருந்தோம். போன ஞாயிற்றுக்கிழமை அவர் வெந்நீரும் சவரக்கத்தியுமாக மாடிப்படி ஏறினார். பின்னாலேயே போய் நின்றேன். அந்தப் பையனின் தாடியைப் பொறுமையாக மழித்துக்கொண்டே, "என் மவன் கட்டில்ல எவனும் தாடியோட படுக்கப்படாது, அவன் கர்னலாக்கும்" என்றார். டெனிஸ் சிரித்தான், சிரித்தால் தோள் வலிக்கிறது அவனுக்கு. அன்று முதல் அவர் சந்தையில் வாயே திறப்பதில்லை, வாழ்நாளில் இப்போதுதான் பார்க்கிறேன். ஹானோரா வந்து போனதைப் பார்த்து மற்றவர்களும் இரண்டு மூன்று பேராக வாளியோடு வந்துவிட்டார்கள், வீடு வெள்ளை வெளேரென்று இருக்கிறது. காரணம் அவர்களுக்குத் தெரியாது, தெரியவும் வேண்டாம். நாய் குரைத்தால் இப்போது முதலில் மாடிக் கதவைத்தான் பூட்ட ஓடுகிறேன்.

உன்னை நான் அறிவேன் மகனே. வேறொருவன் ஜெனரலாக வந்தால் அந்தப் போட்டோவைப் பார்த்துத் திரும்பிப் போவான். நீ வந்தால் திரும்பிப் போக மாட்டாய். சொந்த வீட்டை விட்டுவிட்டான் என்று ஒரு சொல் வரக் கூடாது என்று முதல் சோதனையை நம் வீட்டிலிருந்துதான் தொடங்குவாய், உன்னை அப்படித்தான் வளர்த்தேன். மாடிப்படியில் உன்னை மறித்து நிற்க எனக்குத் தெம்பு இல்லை, நிற்காமல் விலகவும் முடியாது. நீ கெட்டவன் என்றால் எனக்கு இத்தனை பயம் இருக்காது.

கிட்டி உனக்குக் கம்பளி காலுறை இரண்டு ஜோடி பின்னி அனுப்பியிருக்கிறாள். இரவில் வயிற்றில் ஃபிளானல் துணி சுற்றிக்கொள், தண்ணீரைக் காய்ச்சாமல் குடிக்காதே, திருநாளுக்குத் திருநாளாவது பாவசங்கீர்த்தனம் செய். அப்பா தன் ஆசீரைச் சொல்லச் சொன்னார், பதவி விஷயத்தில் என்ன எழுத என்று கேட்டேன், அம்மா சொல்வதைக் கேட்கச் சொல் என்று மட்டும் சொன்னார்.

இருபது வருடமாக உனக்கு இந்த உயர்வு கிடைக்க வேண்டும் என்று ஒன்பது நாள் ஜெபமாக, நவநாள் மேல் நவநாளாக முழங்காலில் நின்றவள் நான்தான். கேட்டதை ஆண்டவர் கொடுத்துவிட்டார். இப்போது அதைத் திரும்ப எடுத்துக்கொள் ஆண்டவரே என்று அதே இடத்தில் முழங்காலில் நிற்கிறேன். வேண்டாம் என்று எழுதிவிடு மோரிஸ். மாதா உன்னைக் காப்பாளாக.

உன்னைப் பெற்றவள்,
எலன்