அப்பாவுக்குப் பத்து செகண்ட் கொடுத்தவனுக்கு

சேசு மரி சூசை

காட்டூர், திருச்சி
14.9.2025

அன்பு மகன் ஆசீருக்கு அம்மா எழுதுவது. மாதாவின் தயவில் நானும் அப்பாவும் இங்கே மூச்சோடு இருக்கிறோம், நீயும் ஸ்வீடன் குளிரில் நன்றாகத்தான் இருப்பாய், அதனால் உன் சுகத்தை இந்தத் தடவை நான் விசாரிக்கப் போவதில்லை. மூன்று வாரமாக நான் போனை எடுக்காததற்கு எனக்குக் காய்ச்சல் என்று உன் தங்கச்சி பெலிண்டா சொல்லியிருப்பாள், நான்தான் அப்படிச் சொல்லச் சொன்னேன், காய்ச்சலும் இல்லை ஒன்றும் இல்லை, கோபம். போனில் பேசினால் நடுவில் புகுந்து விளக்கம் சொல்வாய், டேட்டா என்பாய், கடுதாசியில் உன்னால் வாயைத் திறக்க முடியாது பார், அதற்காகத்தான் பேனாவைத் தேடி எடுத்து உட்கார்ந்திருக்கிறேன். சாப்பிட்டுவிட்டுப் படி, ஆனால் முழுசாகப் படி.

வாய் பேச முடியாதவர்களுக்குப் பதிலாகப் பேசும் என்று உன் கம்பெனியில் நீயே செய்து ஒரு டேப்லெட் அனுப்பினாயே, அதைத் தூக்கிக்கொண்டு ஆட்டோ பிடித்து ஸ்ரீரங்கத்தில் அப்பாவுக்குப் பேச்சுப் பயிற்சி கொடுக்கும் சென்டருக்குப் போனேன். ஸ்ட்ரோக் வந்து ஏழு மாசமாக ஒரு வார்த்தை வராத மனுஷன், வலது கையும் காலும் விழுந்த மனுஷன், இனிமேல் பேசிவிடுவார் என்று ஆசை ஆசையாகப் போனேன். அங்கே தலைமையாக இருக்கிற மைதிலி மேடம் இதை வைத்தே டெஸ்ட் எடுத்துவிடலாம் என்றார்கள். காபி கேளுங்கள் என்றார்கள். காபி கேட்க முதலில் சாப்பாட்டுத் தட்டுப் படத்தைத் தொட வேண்டுமாம், உள்ளே போய்ப் பானம் என்பதைத் தொட வேண்டுமாம், அப்புறம்தான் காபி வருமாம். காபியை நினைத்துக் கை நீட்டினவருக்கு நீ சோற்றுத் தட்டைக் காட்டினால் அவர் என்ன செய்வார், சோறு வேண்டாம் என்று கையை எடுத்துக்கொண்டார். யோசித்து யோசித்து மறுபடி கையைக் கொண்டுபோவதற்குள் பத்து செகண்ட் ஆகிவிட்டது என்று அந்தச் சனியன் முதல் பக்கத்துக்கே ஓடிவிட்டது. ஒரே ஒரு தடவை சரியாகத் தொட்டார். உடனே உன் குரல் வந்தது. அப்பாவுக்கு இதமாக இருக்கும் என்று உன் குரலையே பதிந்து அனுப்பினாயாம், நல்ல எண்ணம்தான், அவர் உன் குரலைக் கேட்டதும் டேப்லெட்டை விட்டுவிட்டு நீ வந்திருக்கிறாயா என்று வாசலைப் பார்த்தார். பார்த்துக்கொண்டே இருந்தார் ஆசீர். புரிந்துகொள்ளும் திறன் இல்லை, கவனம் நிற்கவில்லை, பயிற்சியால் பயன் இராது என்று அந்த அம்மா ரிப்போர்ட் எழுதிவிட்டார்கள். அன்றோடு பயிற்சியை நிறுத்திவிட்டார்கள். முதல் வருஷம் போய்விட்டால் பேச்சு திரும்புவது கஷ்டம் என்று டாக்டர் சொல்லியிருக்கிறார், அதில் ஏழு மாசம் ஏற்கெனவே போயாச்சு.

அன்றைக்கு அழுதுகொண்டே உனக்குப் போன் போட்டேன். நீ என்ன சொன்னாய் என்று உனக்கு ஞாபகம் இருக்காது, எனக்கு இருக்கிறது. ரிப்போர்ட் அப்படித்தான் வந்திருக்கும்மா, நீங்க மனசைத் தேத்திக்குங்க என்றாய். அப்பாவுக்குப் புத்தி போய்விட்டது என்று ஊரார் சொல்லியிருந்தால் சண்டைக்குப் போயிருப்பேன், பெற்ற பிள்ளையே சொன்னால் எங்கே போய் முட்டிக்கொள்வது. அன்றைக்கே முடிவு செய்தேன், அந்த மேடத்தையும் விடுவதில்லை, உன்னையும் விடுவதில்லை.

மறுவாரம் தாயுமானவன் அண்ணன் அப்பாவைப் பார்க்க வந்தார். பொன்மலை ரயில்வே ஒர்க்‌ஷாப்பில் அவர் மேலே கிரேன் ஓட்டுவார், அப்பா கீழே நின்று கையால் சிக்னல் காட்டுவார், பத்தொன்பது வருஷம் ஒன்றாக வேலை பார்த்தவர்கள், உனக்குத் தெரியாததா. அங்கே இருக்கிற சத்தத்தில் பக்கத்தில் நின்று கத்தினாலும் கேட்காது, எல்லாம் கைதான். பேசிக்கொண்டே இருந்த அண்ணன் திடீரென்று எழுந்து நாற்காலியைத் தூக்கி அந்தப் பக்கம் போட்டுவிட்டு உட்கார்ந்தார். ஏண்ணே என்றால், அவன்தாம்மா நகரச் சொன்னான், ஃபேன் காத்தை மறைக்கிறேனாம் என்கிறார். அப்பா இடது கையால் பழைய கிரேன் சிக்னலைக் காட்டியிருக்கிறார். இடது கை விரலை மேலே காட்டிச் சுற்றினால் தூக்கு, உள்ளங்கையைக் கவிழ்த்து அப்படியும் இப்படியும் வீசினால் நிறுத்து. ஏழு மாசமாக அவர் கையை ஆட்டும்போதெல்லாம் ஈ ஓட்டுகிறார் என்று நான் நினைத்தேனே, பாவி. அப்பாவைப் பற்றி இன்னொன்றையும் அண்ணன்தான் சொன்னார். சுமை ஆடாமல் நிற்கிறதா, கீழே எவனாவது நிற்கிறானா என்று இரண்டு தடவை பார்க்காமல் அற்புதசாமி சிக்னல் குடுத்ததே இல்லம்மா, அவசரப்படுத்துனா கையைக் கட்டிக்குவான் என்றார். சர்வீஸ் முடிகிறவரை ஒருத்தன் கால் நகத்தில்கூட எதுவும் விழாமல் காப்பாற்றின நிதானம் அது. அதைத்தான் உன் பத்து செகண்ட் பதில் இல்லை என்று எழுதிக்கொண்டது.

நேற்றுச் சனிக்கிழமை சென்டரில் குடும்பத்தார் கூட்டம். ஐந்து நிமிஷம் பேச வேண்டும் என்று கேட்டு வாங்கினேன். மைதிலி மேடத்தை முன்னால் நாற்காலியில் உட்கார வைத்தேன், ஒரு சின்ன விளையாட்டு மேடம் என்று சிரித்துக்கொண்டே சொன்னேன், என் சிரிப்பை நீ பார்த்திருக்க வேண்டும். தாயுமானவன் அண்ணன் எட்டு சிக்னல் ஒரே ஒரு தடவை காட்டினார். இப்ப வாயைத் திறக்காம அந்த மேஜையில இருக்கிற தண்ணி டம்ளரை உங்ககிட்ட கொண்டுவரச் சொல்லுங்க மேடம், பத்து செகண்ட் என்று சொல்லிப் போனில் மணி வைத்தேன். அந்த அம்மா கையை ஒரு பக்கம் தூக்கினார்கள், அண்ணன் டம்ளரோடு ஜன்னலுக்குப் போய்விட்டார், மணி அடித்தது. மறுபடி வைத்தேன், அடித்தது. மூன்றாவது தடவை கையே எழும்பவில்லை. நான் பையிலிருந்து ரிப்போர்ட்டை எடுத்து அப்பா பேர் இருந்த இடத்தில் அவர்கள் பேரைப் போட்டு வாசித்தேன். மைதிலி, புரிந்துகொள்ளும் திறன் இல்லை, கவனம் நிற்கவில்லை, பயிற்சியால் பயன் இராது. அந்த முகம் போன போக்கைப் பார்த்து என் வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருந்தது, மறைக்க மாட்டேன், பாவசங்கீர்த்தனத்தில் சாமியாரிடம்கூட இதைச் சொல்லப் போவதில்லை.

அப்புறம் அப்பா முறை. மணி வைக்கவில்லை, மனசுக்குள் எண்ணினேன், இருபத்தாறு வரை அவர் பார்த்துக்கொண்டே இருந்தார். பிறகு இடது கை எழுந்தது. தூக்கு, நகர், நில், இறக்கு. அண்ணன் டம்ளரை ஒரு சொட்டுச் சிந்தாமல் கொண்டுபோய் வைத்தார், எங்கே தெரியுமா, மைதிலி மேடம் முன்னால். அந்த அம்மாவுக்குத் தாகமாக இருக்கும் என்று நினைத்தாராம் உங்கப்பா. எனக்கு வந்த எரிச்சலுக்கு அளவில்லை. அத்தனை பேர் பார்க்க மேடம் அந்தத் தண்ணீரைக் குடித்தார்கள். யாழினி என்று ஒரு சின்னப் பயிற்சியாளர், நல்ல பெண், அங்கேயே எழுந்து நேரம் வைக்காமல் நானே மறுபடி டெஸ்ட் எடுக்கிறேன் என்றாள், சாயந்திரத்துக்குள் எடுத்தும் விட்டாள். கேட்டது எல்லாம் புரிகிறது என்று புது ரிப்போர்ட், மைதிலி மேடம் கையெழுத்தோடு. நாளையிலிருந்து வாரம் மூன்று நாள் பயிற்சி.

இப்போது உன் கணக்கு. பழைய ரிப்போர்ட்டை இந்தக் கவரில் வைத்திருக்கிறேன், ஆபீசில் உன் மேஜைக்கு நேர் எதிரே ஒட்டு, தினமும் பார். அந்தப் பத்து செகண்டை எடு. படங்களைக் கடை அலமாரி மாதிரி வகை பிரித்து அடுக்காதே, காலையில் எழுந்ததிலிருந்து அவர் எதை எதற்கு அப்புறம் தேடுவார் என்று என்னைக் கேள், பெலிண்டாவைக் கேள், அவரையே கேள். உன் குரலைக் கழற்று, குரல் வந்தால் ஆளும் வர வேண்டும். கிறிஸ்மஸுக்கு வருகிறாய். தாயுமானவன் அண்ணன் எட்டு சிக்னலோடு உனக்காகக் காத்திருக்கிறார், பெலிண்டா வீட்டார் உறையூரிலிருந்து மொத்தமாக வருகிறார்கள், எல்லார் முன்னாலும் நான் மணி வைப்பேன்.

காதை மூடித் தொப்பி போடு, வெறும் ரொட்டியைத் தின்று படுக்காதே, ஞாயிறு பூசையை விடாதே. மாதா உன் கூடவே இருந்து உனக்கு நல்ல புத்தியையும் நீண்ட ஆயுசையும் கொடுக்கட்டும். டிக்கெட்டை இந்த வாரமே போடு.

உன்னைப் பற்றி வேறு என்ன எழுதட்டும் என்று இப்போது அப்பாவிடம் கேட்டேன். ரொம்ப நேரம் என்னையே பார்த்தார். பிறகு விழுந்துபோன வலது கையை இடது கையால் தூக்கி நாற்காலிக் கைப்பிடி மேல் வைத்து, அதற்குப் பின்னால் இடது விரலைக் கீழே காட்டிச் சுற்றினார். புரியாமல் தாயுமானவன் அண்ணனுக்குப் போன் போட்டேன். அப்பா கையால் காட்டினதை அப்படியே சொன்னேன். ஒரு கையை அசையாம வச்சா மெதுவான்னு அர்த்தம்மா, மெதுவா இறக்குங்கிறான், உடையிற சாமானுக்குத்தான் அப்படிக் காட்டுவான் என்றார். அப்பா சொன்னதை அப்படியே எழுதிவிட்டேன். உன்னை நான் இன்னும் கீழே இறக்கவில்லை.

உன் அம்மா,
இருதயமேரி