அக்காவின் வாயசைப்புக்கு என் குரல்

என் உயிரை வாங்கியே என்னை வளர்த்த கௌரி அக்காவுக்கு,

உன் கடைசிப் படம் முடிந்துவிட்டது. வேளச்சேரி மெயின் ரோட்டில் எடுத்த காட்சிகளில் வண்டிச் சத்தத்தைத் தவிர ஒன்றும் பதிவாகவில்லையாம். டப்பிங் பேச நீ இல்லை. இயக்குநர் நிவேதா மயிலாப்பூர் வீட்டுக்கே வந்து, "மேடம், போன்ல நீங்க பேசினா உங்க அம்மாவே அக்கான்னு நினைச்சுப்பாங்களாமே. நீங்களே பேசிக் குடுத்துடுங்க" என்றாள். நீ போன பிறகும் உனக்கு மாற்று ஆள் நான்தான், பார்.

நம் நாடகக் குழுவின் வழக்கம் உனக்குத் தெரியாததா? எல்லாரும் எல்லா வேஷத்துக்கும் வசனம் பாடம் பண்ண வேண்டும். யாருக்கு எது என்று நாடகத்தன்று மதியம்தான் சொல்வார்கள். இருபது வருஷமும் பெரிய வேஷம் உனக்குத்தான் போனது. நான் பக்கத் திரைக்குப் பின்னால், வாய் நிறைய வசனத்தோடு நிற்பேன். அடையாறில் ஒரு நாடகம் முடிந்ததும் சினிமாக்காரர் ஒருவர் என்னிடம் வந்து, "நீங்க கௌரியோட தங்கச்சிதானே? அவங்க நம்பர் கிடைக்குமா?" என்று கேட்டார். கொடுத்தேன், ஒரு எண்ணை மாற்றி. அப்படியும் அவர் உன்னைத் தேடிப் பிடித்துவிட்டார்.

கோடம்பாக்கத்து டப்பிங் தியேட்டரில் முதலில் என் பாணியில் பேசினேன். "நல்லா இருக்கு மேடம். ஆனா இது அவங்க இல்ல" என்றாள் நிவேதா. அப்புறம் உன்னைப் போலவே நடுவில் மூச்சை நிறுத்தி, கடைசிச் சொல்லைப் பாதி விழுங்கிப் பேசினேன். ஒரே டேக்கில் உன் வாயசைப்போடு பொருந்தி உட்கார்ந்தது. உன் ஒவ்வொரு மூச்சும் எனக்கு எப்படி மனப்பாடம்? பாசத்தாலா? நீ எங்கே தடுமாறுவாய் என்று இருபது வருஷம் பார்த்துக்கொண்டே நின்றேனே, அதனால்தான்.

பேசி முடித்ததும் நிவேதா கேட்டாள்: "அவங்களை ஒரு விருதுக்கு அனுப்பலாம்னு இருந்தோம் மேடம். சொந்தக் குரல் இல்லன்னா எடுத்துக்க மாட்டாங்களாம். டைட்டில்ல உங்க பேரைப் போடட்டுமா, வேண்டாமா? நீங்களே சொல்லுங்க."

"போடு" என்றேன். யோசிக்கவே இல்லை. தப்பா, அக்கா? உனக்குத்தான் அலமாரி நிறைய விருது இருக்கிறதே.

மறுநாள் ஒரு காட்சியை அம்மாவுக்கு என் போனில் போட்டுக் காட்டினேன். பேசியது நான்தான் என்று சொல்லிவிடத்தான் காட்டினேன். அம்மா போனைக் காதோடு வைத்துக்கொண்டு, "என் பெரியவ குரலைக் கேட்டுட்டேன்டி. இன்னொரு தடவை போடு" என்றாள். மறுபடி மறுபடி போட்டேன். ஒவ்வொரு தடவையும் உனக்காகத்தான் அழுதாள். எனக்கு வயிறு எரிந்தது. ஆனாலும் சொல்ல வாய் வரவில்லை.

படம் வந்ததும் தி.நகர் தியேட்டருக்கு அம்மாவை அழைத்துப் போவேன். படம் முடிந்த பிறகுதான் பெயர்கள் ஓடுமாம். வாழ்நாளில் முதல் முறையாக என் பெயர் திரையில் வரும். அது வருவதற்குள் அம்மாவைக் கைபிடித்து வெளியே கூட்டி வந்து, ஆட்டோவில் ஏற்றியிருப்பேன். இது சத்தியம்.

பொறாமை தீராத உன் தங்கை,
வனஜா