மூக்குத்தி அணிந்த பாட்டனார்

அண்ணனுக்கு,

கூடத்துச் சுவரில் ஆணி மட்டும் இருப்பதைப் பார்த்திருப்பீர்கள். படத்தை நான்தான் மாடிக்கு எடுத்துவந்தேன்.

சமயநல்லூரிலிருந்து உங்கள் மகள் ரூபினாவைப் பெண் பார்க்க வந்தவர்கள் அதைக் கண்டு சிரித்தபோது எனக்கு மகிழ்ச்சியாகவே இருந்தது. "யாருங்க இந்த அம்மா? மூக்குத்தி எம்புட்டுப் பெருசு! மீசைய மழிச்ச தடம் வேற தெரியுது!" என்றார் மாப்பிள்ளையின் மாமா. நடிக்கப் பெண்கள் முன்வராத காலத்தில், சேலை கட்டிக் குடத்தோடு ஓடி விழுந்து, மூன்று ஊமைப் படங்களில் மனைவி வேடம் போட்டவர் நம் பாட்டனார். அந்தப் படங்களில் ஒரு சுருள்கூட மிஞ்சவில்லை. இந்த ஒரு புகைப்படம்தான் இருக்கிறது. தொண்ணூறு ஆண்டுகளுக்குப் பிறகும் ஓர் அறையைச் சிரிக்கவைத்துவிட்டாரே என்ற பெருமையில், அவர் யாரென்று சொல்ல வாயெடுத்தேன்.

"அது பழைய குடித்தனக்காரவுக விட்டுட்டுப் போனதுங்க" என்று முந்திக்கொண்டீர்கள்.

ரூபினாவின் முகத்தைப் பார்த்துவிட்டு, நான் கொண்டுவந்த தேநீர்த் தட்டை அவர்களிடம் நீட்டினேன்.

சம்பந்தம் முறிந்துவிடுமோ என்று அஞ்சினீர்கள், அது புரிகிறது. பெருநாள்தோறும் நம்மைப் பெற்ற அத்தா அந்தப் படத்தின் கண்ணாடியைத் தம் கையால் துடைத்ததை எப்படி மறந்தீர்கள் என்பதுதான் புரியவில்லை.

என் மனைவி ஷாஹீதா மவுத்தாகி அடக்கம் செய்த நாளிலிருந்து மாடியில் நான் ஒற்றை ஆள். இப்போது பாட்டனார் என் கட்டிலுக்கு எதிரே இருக்கிறார். நிக்காஹ்வுக்கு நான் கீழே இறங்கி வரமாட்டேன்.

அன்று தேநீர் கொண்டுவந்தவர் யாரென்று சம்பந்தி வீட்டார் கேட்டால் தடுமாற வேண்டாம். என்னை நீங்கள் இன்னும் அறிமுகம் செய்யவில்லை. அவரும் குடித்தனக்காரர்தான் என்று சொல்லிவிடுங்கள்.

இப்படிக்கு,
மாடியில் இருப்பவன்